கொரோலா 2006: இடப்பக்க டிரைவ் ஷாஃப்ட் கியர்பாக்ஸை விட்டுக் கழலவில்லை, உதவி தேவை

தெற்குவாசல்_06

வண்டி டொயோட்டா கொரோலா, 2006, 1.8 பெட்ரோல், 5 கியர் மேனுவல். இடப்பக்க உள் பூட் (ஜாயின்டை மூடுற ரப்பர் உறை) கிழிஞ்சு கிரீஸ் தெறிக்குது, அதனால கியர்பாக்ஸ்ல இருந்து சக்கரத்துக்குச் சுழற்சி கொண்டுபோற ஷாஃப்டைக் கழட்ட இறங்கினேன்.

சக்கரம் மாட்டுற ஹப்போட நட் எடுத்தாச்சு. லோயர் ஆர்ம்ல இருந்து பால் ஜாயின்டைப் பிரிச்சு நக்கிளை (ஹப்பைத் தாங்குற பாகம்) வெளிப்பக்கம் சாய்ச்சாச்சு. வெளிமுனை ஹப்பை விட்டுச் சுலபமா வந்திருச்சு. உள்முனைதான் அசைய மாட்டேங்குது. உள் ஜாயின்டோட கப்புக்கும் கியர்பாக்ஸ் கேஸுக்கும் நடுவுல பெரிய ஸ்க்ரூடிரைவர் விட்டு நெம்பினா ஸ்க்ரூடிரைவர்தான் வளையுது. ஷாஃப்டைப் பிடிச்சு இழுத்தா ரெண்டு மூணு சென்டிமீட்டர் வெளிய வருது, தள்ளினா உள்ள போயிடுது. லாக் கழலப் போகுதுன்னு அர்த்தமா?

ஆயில் கசியாம தடுக்கிற சீல் ஓரத்துல துரு இளக்குற ஸ்ப்ரே அடிச்சு ராத்திரி முழுக்க விட்டும் பிரயோஜனமில்ல. கேஸைச் சூடு பண்ணலாமா? கியர் ஆயில் இன்னும் வடிக்கல.

பட்டறை_பக்கம்

முதல்ல ஷாஃப்டை இழுக்கிறத நிறுத்துங்க தம்பி. அந்த ரெண்டு மூணு சென்டிமீட்டர் லாக்கோட அசைவு இல்ல. உள் ஜாயின்ட்ல மூணு ரோலர் வச்ச டிரைபாட் கப்புக்குள்ள முன்னும் பின்னும் ஓடுறதுக்காகவே இருக்கு. சஸ்பென்ஷன் ஏறி இறங்கும்போது ஷாஃப்ட் நீளம் மாறணுமே, அதுக்கான இடம் அது. இன்னும் பலமா இழுத்தா ரோலர் கப்பை விட்டு வெளிய வந்து ஊசி பேரிங் சிதறும், கப்பு மட்டும் கியர்பாக்ஸ்லயே நிக்கும். இழுக்கிற பலம் முழுக்க கப்புல படணும், ஷாஃப்ட்ல படவே கூடாது.

ரெண்டாவது, ஸ்ப்ரே. உள்முனைப் பற்கள் எந்நேரமும் கியர் ஆயில்ல நனைஞ்சுக்கிட்டே இருக்கு. அங்க துரு ஏது? பிடிச்சு வச்சிருக்கிறது நுனியில இருக்கிற சர்க்கிளிப், சாவி வளையம் மாதிரி ஒரு சின்னக் கம்பி. அது டிஃபரென்ஷியல் (ரெண்டு பக்கச் சக்கரத்துக்கும் சுழற்சியைப் பிரிச்சுக் கொடுக்கிற பல்சக்கரத் தொகுதி) சைடு கியரோட உள்விளிம்புக்கு அந்தப்பக்கம் விரிஞ்சு உக்காந்திருக்கு. வெளிய வரணும்னா அது ஒரு கணம் சுருங்கி தன் பள்ளத்துக்குள்ள இறங்கணும். மெதுவா அழுத்திக்கிட்டே இருந்தா கிளிப் விளிம்புல ஒரு பக்கமா சாய்ஞ்சு இன்னும் இறுகும். சட்டுனு ஒரு அடி விழுந்தாத்தான் சுருங்கும். நேர்கோட்டுல, கப்புல, அதிர்ச்சியா. அவ்வளவுதான் விஷயம்.

சூடு வேண்டவே வேண்டாம். சீல் கருகும், அலுமினியம் கேஸ் கோணும், உள்ள ஆயில் வேற இருக்கு.

ஸ்பேனர்14

அண்ணன் சொன்னது சரி. செய்முறையை நான் எழுதுறேன்.

ஆயிலை வடிச்சிருங்க. ஆனா வடிக்கிற பிளக்கைத் தொடுறதுக்கு முன்னாடி நிரப்புற பிளக் கழலுதான்னு பாருங்க. வடிச்ச பிறகு அது வரலைன்னா ஆயில் ஊத்த வழியில்லாம வண்டி ஸ்டாண்ட்லயே நிக்கும். வாஷர் ரெண்டும் புதுசு வாங்கிருங்க.

கியரை நியூட்ரல்ல போட்டு கப்பைக் கையால சுத்திப் பாருங்க. கிளிப் பள்ளத்துல தளர்வாத்தான் இருக்கும், எடையில கீழ தொங்கும். அதனால ஒரே நிலையில மல்லுக்கட்டாம கால் சுத்து சுத்தி ஒரு தடவை நெம்புங்க, வரலைன்னா இன்னொரு கால் சுத்து. கிளிப்போட திறந்த வாய் எந்தப் பக்கம் இருக்கோ அதைப் பொறுத்து சட்டுனு விட்டுடும். பாதி பேருக்கு இதுலயே வேலை முடிஞ்சிரும்.

ஸ்க்ரூடிரைவர் இதுக்கு ஆகாது. நுனி வளைஞ்ச நெம்புகோல் ரெண்டு வேணும், அரை மீட்டர் நீளமாவது இருக்கட்டும். கப்போட ரெண்டு எதிரெதிர்ப் பக்கத்துலயும் வச்சு ஒரே நேரத்துல வெட்டி இழுக்கணும். ஒரு பக்கம் மட்டும் நெம்பினா கப்பு கோணலா சாய்ஞ்சு பற்கள் இறுகிக்கும். தாங்கு முனை கேஸ்ல தடிமனான விளிம்புலயோ போல்ட் தலைக்குப் பக்கத்துலயோ இருக்கட்டும். மெல்லிய சுவர்ல வச்சா விரிசல் விழும். நெம்புகோலுக்கு அடியில பித்தளைத் தகடோ மரத்துண்டோ வைங்க. கப்பு ஓரத்துல தகரத்துல ஒரு தூசு மூடி இருக்கும், நுனி அதுக்கு அந்தப்பக்கம் கப்போட கெட்டியான தோள்ல பிடிக்கணும். மூடி வளைஞ்சா சுத்தும்போது உரசிச் சத்தம் போடும்.

ஷாஃப்டோட வெளிமுனையைக் கம்பியால கட்டித் தொங்க விடுங்க. தொங்கலா விட்டா உள் ஜாயின்ட் மடங்கி டிரைபாட் தானே கழண்டுக்கும்.

தெற்குவாசல்_06

நன்றி அண்ணே. ஆயில் வடிச்சாச்சு. ரெண்டு நெம்புகோல் வச்சு சுத்திச் சுத்தி நெம்பியும் அசையல. வலப்பக்க ஷாஃப்டையும் கழட்டிட்டு அந்த வழியா நீளக் கம்பி விட்டு உள்ளிருந்து தட்டினா வந்திரும்னு ஒருத்தர் சொல்றார். செய்யலாமா?

பட்டறை_பக்கம்

வேண்டாம். டிஃபரென்ஷியல் நடுவுல பினியன்கள்ங்கிற சின்னப் பல்சக்கரங்களைத் தாங்குற குறுக்குப் பின் இருக்கு. நேர்க் கம்பி அதுல போய் முட்டும். கோணலா விட்டுத் தட்டினா அடி சைடு கியர் பல்லுல விழும். தவிர, ரெண்டு ஷாஃப்டும் ஒரே நேரத்துல வெளிய இருந்தா சில கியர்பாக்ஸ்ல சைடு கியர் இடம் மாறி உக்காந்துக்கும், அப்புறம் ஷாஃப்ட் உள்ள போகாது. இந்த வண்டில அப்படி ஆகுதோ இல்லையோ, வலப்பக்கத்தைத் தொட அவசியமே இல்ல.

அடுத்தது ஸ்லைடு ஹாமர்தான், அதாவது கம்பியில ஓடுற எடையை வீசி அடிச்சு இழுக்கிற கருவி. டொயோட்டா சர்வீஸ் மேனுவலே இடப்பக்கத்துக்கு அதைத்தான் சொல்லுது. கப்புக்குப் பின்னாடி மாட்டுற கவட்டை வடிவ முனை அதுக்குத் தனியா வேணும்.

லேத்காரன்

கவட்டை கடையில கிடைக்கலைன்னா பண்ணிக்கலாம். 8 அல்லது 10 மிமீ தடிமன் இரும்புத் தகடு எடுங்க. கப்புக்கும் கேஸுக்கும் நடுவுல இருக்கிற இடைவெளியை முதல்ல அளந்துக்கோங்க. தகடு அதுக்குள்ள போகணும், இல்லைன்னா நுனியை மட்டும் தேய்ச்சு மெலிசாக்கணும். கப்புக்குப் பின்னாடி இருக்கிற கழுத்தை வெர்னியர்ல அளந்து அதைவிட 1 மிமீ அகலமா U வெட்டு. தகட்டுல இருந்து 16 மிமீ கம்பி ஒண்ணு, அரை மீட்டருக்குக் குறையாம, வெல்டிங். அதுல ஓடுற மாதிரி ஓட்டை போட்ட 2 இல்ல 3 கிலோ உருளை, கடைசில தடுப்பு நட்.

தப்பு நடக்கிற இடம் ஒண்ணுதான்: கம்பி ஷாஃப்டுக்கு இணையா, முடிஞ்ச அளவு அதை ஒட்டி இருக்கணும். விலகி நின்னா ஒவ்வொரு அடியும் கப்பைச் சாய்க்கும். கண்ணாடி போட்டுக்கிட்டு அடிங்க. சின்னச் சின்னதா தட்டாம முழு நீளத்துக்கும் எடையை வீசி அடிங்க.

ஸ்பேனர்14

ஷாஃப்ட் இடைஞ்சலா இருந்தா இன்னொரு வழி. உள் பூட் எப்படியும் மாத்தப் போறதுதானே. கிளாம்பை வெட்டி பூட்டைப் பின்னாடி தள்ளி, டிரைபாட், ஷாஃப்ட், கப் மூணுலயும் பெயின்ட்ல அடையாளம் போட்டுட்டு ஷாஃப்டைக் கப்புல இருந்து உருவிருங்க. ரோலர் கீழ விழாம டேப் சுத்தி வைங்க. கப்பு மட்டும் நிக்கும்போது ஹாமருக்கு நல்ல இடம் கிடைக்கும். திருப்பிப் பூட்டும்போது பழைய கிரீஸைச் சுத்தமா துடைச்சிட்டு பூட் கிட்ல வர்ற கிரீஸ் பாக்கெட் முழுசையும் போடுங்க.

கடலூர்_டீசல்

இடையில ஒரு சந்தேகம். என் வண்டில வலப்பக்கம் நடு ஷாஃப்டும் அதைத் தாங்குற பேரிங் பிராக்கெட்டும் இருக்கு. அதுக்கும் ஸ்ப்ரே வேலை செய்யாதா?

பட்டறை_பக்கம்

உங்க விஷயம் வேற. அங்க பேரிங் வெளிவளையம் பிராக்கெட்டுக்குள்ள நிஜமாவே துருவால ஒட்டிக்கும், அதுவும் கடலோரக் காத்துல. ஸ்ப்ரே அடிச்சு ஊற விடுங்க, பேரிங்கைப் பிடிக்கிற போல்ட்டையோ லாக்கையோ எடுத்துட்டு பிராக்கெட்டைச் சுத்தித் தட்டுங்க. பிடிவாதமா இருந்தா பிராக்கெட்டோட சேர்த்தே இறக்கி பிரஸ்ல தள்ளிடலாம். போலோ, வென்டோ வச்சிருக்கிறவங்களுக்கு நெம்புற வேலையே கிடையாது. உள் ஜாயின்ட் ஃபிளான்ஜ்ல 6 போல்ட்டுல நிக்குது. 12 முனை பிட்டை அழுக்கு எடுத்துட்டு முழு ஆழத்துக்கும் இறக்கித் திருகணும், இல்லைன்னா தலை வழுக்கிடும்.

தெற்குவாசல்_06

வந்திருச்சு! லேத்காரன் அண்ணன் சொன்ன மாதிரி கவட்டை பண்ணி ஷாஃப்டை உருவிட்டு அடிச்சேன். கிளிப் ஒரு பக்கம் தட்டையாகி, பள்ளத்தோட விளிம்புல பிசிறு எழும்பியிருக்கு. பூட்டும்போது என்னென்ன கவனிக்கணும்? சீல் உக்கார்ற கழுத்துல லேசா ஒரு கோடும் தெரியுது.

பட்டறை_பக்கம்

பிசிறுதான் காரணம், கிளிப் பள்ளத்துக்குள்ள இறங்க இடமில்லாம போச்சு. மெல்லிய அரத்தால தேய்ச்சு எடுங்க. புதுக் கிளிப் போட்டு விரலால அமுக்கினா முழுசா பள்ளத்துக்குள்ள அடங்கணும். அடங்கலைன்னா கம்பி தடிமன் தப்பு, அதைப் போடாதீங்க. பழைய கிளிப்ல துண்டு ஏதும் உடைஞ்சு போயிருக்கான்னும் பாருங்க. குறைஞ்சிருந்தா அது டிஃபரென்ஷியலுக்குள்ள இருக்கு, காந்தக் குச்சியால தேடி எடுக்காம பூட்டக் கூடாது.

பூட்டும்போது கிளிப்போட வாய் கீழ பார்க்கட்டும், நடுவுல நிக்க கொஞ்சம் கிரீஸ் தடவுங்க. பற்கள் சீல் உதட்டைக் கீறாம நேரா நுழைச்சு, பித்தளைக் கம்பி வச்சுத் தட்டினா 'டக்'னு உக்காரும். கையால கப்பை இழுத்துப் பாருங்க: 2 முதல் 3 மிமீ ஆட்டம் இருக்கலாம், வெளிய வரக் கூடாது.

ஸ்பேனர்14

புது ஹப் நட் போட்டு 216 நியூட்டன் மீட்டர் முறுக்குல இறுக்கி, பிறகு உளியால நட் விளிம்பை ஷாஃப்ட் பள்ளத்துல மடக்கணும். அதுவரைக்கும் வண்டியைச் சக்கரத்துல இறக்கித் தள்ளாதீங்க, நட் இறுக்கம் இல்லாம எடை ஏறினா ஹப் பேரிங் போயிடும். கியர் ஆயில் 75டபிள்யூ-90, சுமார் 1.9 லிட்டர் பிடிக்கும். வண்டி சமமா நிக்கும்போது நிரப்புற ஓட்டையில வழியத் தொடங்கினா போதும்.

லேத்காரன்

கழுத்துக் கோட்டுல நகத்தை ஓட்டிப் பாருங்க. நகம் சிக்கலைன்னா புது சீல் மட்டும் போதும். சிக்கினா பழைய சீல் எவ்வளவு ஆழத்துல இருக்குன்னு கழட்டுறதுக்கு முன்னாடியே அளந்து வச்சுக்கிட்டு, புதுசை அதைவிட 1 மிமீ வெளிய நிறுத்துங்க. உதடு கோட்டைத் தாண்டி வழவழப்பான இடத்துல ஓடும். சீல் கோணாம உக்காரணும், சரியான விட்டத்துல பைப் துண்டு வச்சுச் சுத்திலும் சமமா தட்டுங்க. ஆழமான பள்ளம்னா சீல் மாத்தியும் கசியும், கப்பையே மாத்த வேண்டியதுதான்.