ஆச்சி வீட்ல வளர்ந்த பொண்ணு என்கிட்ட ஒட்டவே மாட்டேங்கிறா, என்ன பண்றது?

தாம்பரம்_அம்மா:
எல்லாருக்கும் வணக்கம், கொஞ்சம் நீளமா இருக்கும், பொறுத்துக்கோங்க. எனக்கு ஒரே பொண்ணு, நாலு வயசு. லீவு முடிஞ்சதும் வேலைக்கு போயே ஆகணும்ங்கிற நிலைமை, வீட்டு லோன் வேற, இங்க பாத்துக்க ஆள் இல்ல, அதனால ஒன்பதாம் மாசத்துலயே சங்கரன்கோவில் பக்கம் எங்க அம்மாகிட்ட விட்டுட்டோம். மாசம் ஒரு தடவை போயிட்டு வருவோம். ஞாயித்துக்கிழமை ராத்திரி அவ தூங்கினதும் சத்தம் போடாம பைய எடுத்துட்டு பஸ்ஸுக்கு கிளம்பிடுவோம், முழிச்சிருந்தா அழுவாளேன்னு.

எல்கேஜி சேர்க்க கூட்டிட்டு வந்து ரெண்டு மாசம் ஆச்சு. என்னை அம்மான்னே கூப்பிட மாட்டேங்கிறா, எங்க அம்மா கூப்பிடுற மாதிரி பேர் சொல்லித்தான் கூப்பிடுறா. ஆச்சியோட பழைய நூல் சேலை ஒண்ணு கொண்டு வந்திருக்கா, அந்த முந்தானைய விரல்ல சுத்திக்கிட்டாதான் தூக்கம் வரும், துவைக்கக்கூட விட மாட்டா. முதல் ரெண்டு வாரம் ஒரே அழுகை, அப்புறம் நின்னுடுச்சு. இப்போ சொன்ன பேச்ச கேக்குறா, சாப்பிடுறா, விளையாடுறா. ஆனா போன வாரம் வாசல்ல விழுந்து முட்டி தேஞ்சுடுச்சு, நான் நாலடி தள்ளித்தான் நிக்கிறேன், என்னை ஒரு தடவை பாத்துட்டு மூலையில போய் உக்காந்து தானே ஊதிக்கிட்டா. எனக்கு தாங்கல. மாமியார் "பிள்ள பழகிடுச்சு, விடு"ன்னு சொல்றாங்க. முதல் மூணு வருஷத்துலயே எல்லாம் முடிஞ்சு போச்சுன்னு யூடியூப்ல பேசுறாங்க. நான் கெடுத்துட்டேனா?

நெல்லைப்பையன்:
அக்கா, நானும் ஆறு வயசு வரைக்கும் ஆச்சி வீடுதான், அப்பா அம்மா ரெண்டு பேரும் துபாய்ல. உண்மைய சொல்றேன், ஆச்சிகிட்ட வளர்ந்தது எனக்கு ஒரு குறையாவே தெரியல, அந்த வீட்டு நடுமுத்தமும் ஆச்சி கையால சாப்பிட்ட சோறும்தான் எனக்கு கிடைச்ச நல்ல விஷயமே. வலிச்சது வேற. நீங்க சொன்னீங்கல்ல, தூங்கினப்புறம் கிளம்பிடுவோம்னு, அதேதான். காலையில எந்திரிச்சா பாய் காலியா கிடக்கும், கேட்டா "கடைக்கு போயிருக்காங்க"ம்பாங்க. ஒரு கட்டத்துல அம்மா வந்தாலே ராத்திரி தூங்காம கண்ண முழிச்சு படுத்திருப்பேன். டென்த் படிக்கும்போது வீட்ல யார்கிட்டயும் எதையும் சொல்ல மாட்டேன், மார்க் குறைஞ்சதும் சரி, ஸ்கூல்ல அடி வாங்கினதும் சரி. திமிர் பிடிச்சவன்னாங்க. திமிர்லாம் இல்ல, சொல்ற பழக்கமே வரல, அவ்ளோதான். தயவுசெஞ்சு இனிமே அவகிட்ட சொல்லாம வாசல்படி தாண்டாதீங்க, கீழ பால் வாங்க போனாலும் சொல்லிட்டு போங்க.

பால்வாடி டீச்சர்:
தம்பி சொல்றது அத்தனையும் நிஜம். 22 வருஷமா அங்கன்வாடியில இருக்கேன்மா. ஜூன் மாசத்துல அழுது புரள்ற பிள்ளைய பத்தி நான் கவலையே படமாட்டேன், அது சீக்கிரம் சரியாயிடும். அழாம ஒரு ஓரமா பொம்மைய வெச்சு உருட்டிக்கிட்டு, அம்மா கூப்பிட வந்தாலும் திரும்பி பாக்காத பிள்ளைகிட்டதான் நான் போய் உக்காருவேன். உன் மாமியார் அத பழக்கம்னு நினைக்கிறாங்க, டாக்டருங்களே ஒரு காலத்துல அப்படித்தான் நினைச்சாங்களாம்.

சைக்காலஜி_மாணவி:
ஆமா டீச்சர், அது இங்கிலாந்துல நடந்தது. அப்போ ஆஸ்பத்திரியில சேர்த்த குழந்தைய பாக்க பெத்தவங்கள ரொம்ப நேரம் விட மாட்டாங்க. ஜேம்ஸ் ராபர்ட்சன்னு ஒருத்தர் ஆபரேஷனுக்காக 8 நாள் வார்டுல இருந்த ரெண்டரை வயசுகூட ஆகாத ஒரு பொண்ண படம் பிடிச்சு 1952-ல காட்டினார். நர்ஸுங்க "சமர்த்து"ன்னு நினைச்ச அமைதி உண்மையில துக்கம்னு அதுல நல்லாவே தெரியும். அவரும் மனநல டாக்டர் ஜான் பௌல்பியும் சொன்னது, பிரிஞ்ச குழந்தை முதல்ல அழுது போராடும், அப்புறம் சோர்ந்து போகும், அப்புறம் ஒட்டாம விலகிடும். கடைசி கட்டத்த பாத்துட்டுதான் பெரியவங்க பழகிடுச்சுன்னு சொல்றாங்க. 1959-ல பிரிட்டன்ல ஒரு கமிட்டியே பெத்தவங்கள தாராளமா பாக்க விடணும்னு பரிந்துரை பண்ணுச்சு.

ஆனா சிஸ்டர், யூடியூப்காரங்க பயமுறுத்துற மூணு வருஷக் கணக்கு ருமேனியா அனாதை இல்லங்கள்ல நடந்த ஒரு ஆராய்ச்சிய வெச்சும் வருது. 2000-த்துல 136 குழந்தைங்கள வெச்சு ஆரம்பிச்ச ஆராய்ச்சி அது, ரெண்டு வயசுக்குள்ள வளர்ப்பு குடும்பத்துக்கு போன பிள்ளைங்க பாசத்துல நல்லாவே தேறினாங்க. அந்த இல்லங்கள்ல ஒரே முகம் தினமும் வந்து தூக்குறது கிடையாது, ஷிப்டுக்கு ஒரு ஆள். உங்க பொண்ணுக்கு ஆச்சி இருந்தாங்க, மூணு வருஷமும் ஒரே மடி. ஹவாய்ல கவாய் தீவுல 1955-ல பிறந்த 698 குழந்தைங்கள எமி வெர்னர்னு ஒரு அம்மா, அந்த பிள்ளைங்களுக்கு நாப்பது வயசு ஆகுற வரைக்கும் விடாம கவனிச்சாங்க. வறுமை, குடிகார அப்பான்னு ரொம்ப கஷ்டத்துல வளர்ந்த பிள்ளைங்கள்ல மூணுல ஒரு பங்கு நல்லபடியா வந்தாங்க. அவங்க பலருக்கும் பாட்டியோ சித்தியோ டீச்சரோ யாராவது ஒருத்தர் உறுதியா கூட நின்னிருக்காங்க. அதனால ஆச்சிய மறக்கடிக்க நினைக்காதீங்க, அவ யாரையும் நம்பக் கத்துக்கிட்டதே ஆச்சிகிட்டதான்.

கோவை_ராமசாமி:
எங்க காலத்துல பிள்ளைங்க தாத்தா பாட்டிகிட்டதான் வளர்ந்துச்சுங்க, யாரும் கெட்டுப்போகலீங்க. ரொம்ப யோசிச்சு மனச வருத்திக்காதம்மா.

பால்வாடி டீச்சர்:
ஐயா, அப்போ தாத்தா பாட்டியும் அப்பா அம்மாவும் ஒரே கூரைக்குள்ள இருந்தாங்க. இந்த பிள்ளைக்கு ரெண்டு ஊரு, ஒரு பக்கம் போனா இன்னொரு பக்கம் இல்லாம போயிடுது. அதான் வித்தியாசம். அம்மாடி, அவ விழுந்தா நீயே போய் பக்கத்துல உக்காரு, தூக்கணும்னு கட்டாயம் இல்ல, "வலிக்குதா, நான் ஊதட்டுமா"ன்னு கேளு. வேணாம்னா பரவால்ல, உக்காந்தே இரு. அம்மான்னு கூப்பிடு கூப்பிடுன்னு மட்டும் சொல்லாத.

தாம்பரம்_அம்மா:
மூணு வாரம் கழிச்சு எழுதுறேன். எங்க அம்மாவ வரவழைச்சு பத்து நாள் தங்க வெச்சேன். கிளம்புற அன்னைக்கு காலையிலயே ஆச்சி அவகிட்ட சொல்லிட்டாங்க, ரயில் ஏத்திவிட ஸ்டேஷனுக்கும் கூட்டிட்டு போனோம். வண்டி நகர்ந்ததும் பிளாட்பாரமே திரும்பி பாக்குற அளவுக்கு கதறிட்டா. பழைய நானா இருந்தா பிஸ்கட் வாங்கி குடுத்து வாய மூடியிருப்பேன். சும்மா பிடிச்சுக்கிட்டு நின்னேன், எனக்கும் அழுகை வந்துச்சு. கொஞ்ச நேரம் கழிச்சு என் தோள்ல முகத்த வெச்சுக்கிட்டா, சுடிதார் முழுக்க மூக்குச்சளி. இன்னும் பேர் சொல்லித்தான் கூப்பிடுறா. டீச்சர், அந்த சேலை ரொம்ப நாறுது, அவ ஸ்கூலுக்கு போனப்போ துவைச்சு போட்டுடவா?

பால்வாடி டீச்சர்:
அவ இல்லாதப்போ மட்டும் தொட்டுடாதம்மா. ஞாயித்துக்கிழமை ஒரு வாளி தண்ணி வெச்சு அவளையே அலச சொல்லு, அவ கண்ணுக்கு தெரியிற மாதிரி கொடியில போடு. நூல் சேலைதானே, மதியத் தூக்கத்துக்குள்ள காஞ்சிடும்.