சம்பளம், தவணை, மறுபடி சம்பளம்

சோழிங்கநல்லூர்வாசி:
சென்னை ஓ.எம்.ஆரில் ஐ.டி. வேலை. முதல் தேதி சம்பளம் ஏறிய குறுஞ்செய்தி வரும். ஐந்தாம் தேதிக்குள் வீடு, கார், போன் என்று தவணைகள் கழிந்த செய்திகள் வரிசையாக வரும். நடுவில் அதே மீட்டிங். அலுப்பு தாங்காமல் சனி இரவு எதையாவது ஆர்டர் போடுகிறேன். அதற்கும் சேர்த்துக் கட்டத் திங்களன்று மறுபடி ஓடுகிறேன். நம்மை இப்படியே வைத்திருப்பதில் யாருக்கோ லாபம் என்பது என் கட்சி.

கரிசல்காரன்:
ஏ.சி.யில் உட்கார்ந்து அலுப்பா? எங்களுக்குச் சாத்தூர் பக்கம். அம்மா தீக்குச்சி அடுக்கியவர், எண்ணிக்கைக்குத்தான் கூலி. கிரைண்டர் 2011 திட்டத்தில் அரசு கொடுத்தது, வாஷிங் மெஷின் தவணையில் வந்தது. அதை நுகர்வு வெறி என்று சொல்லிப் பாருங்கள், விளக்குமாற்றோடு வருவார்.

சோழிங்கநல்லூர்வாசி:
வாஷிங் மெஷினை யார் சொன்னார்கள் அண்ணே? நன்றாக ஓடுகிற போனை மாற்றுவதைச் சொல்கிறேன். ஆடியில் கல்யாணம் கிடையாது, ஜவுளி ஓடாது. தேங்கிய சரக்கைத் தள்ளத் தள்ளுபடி வந்தது. இன்றைக்கு ஆடிக்கென்றே காசு சேர்த்துக்கொண்டு தி.நகர் போகிறோம்.

கரிசல்காரன்:
யாரும் கையைப் பிடித்து இழுக்கவில்லையே.

கணக்குப்பிள்ளை:
இழுக்கிறார்கள் சார். ‘நோ காஸ்ட் இ.எம்.ஐ.’ என்கிறார்களே, பூஜ்ய வட்டி என்று ஒன்றே கிடையாது என 2013-இலேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. வட்டி உண்டு, அதே அளவை விலையில் குறைத்துக் காட்டி மறைக்கிறார்கள். அந்த வட்டிக்கு 18 சதவீத ஜி.எஸ்.டி. நம் தலையில். கார்டு பாக்கியைக் கட்டாமல் தள்ளினால் மாதம் 3.5 சதவீதம்கூட ஆகும், வருடத்துக்கு 42. கந்துவட்டிக்காரரே கூச்சப்படுவார்.

கரிசல்காரன்:
வட்டிக் கணக்கு சரி. அலுப்புக்கு வட்டியைத் திட்டுவதா மருந்து? 2023 ஏப்ரலில், தொழிற்சாலைகளில் 12 மணி நேர வேலைக்கு வழிவிடும் திருத்தம் சட்டசபையில் நிறைவேறியது. தொழிற்சங்கங்களும் கூட்டணிக் கட்சிகளும் விடவில்லை. மே 1 அன்று முதல்வர் திரும்பப் பெறுவதாக அறிவித்தார். உங்கள் ஓ.எம்.ஆரில் சங்கத்தில் இருப்பவர் எத்தனை பேர்? வேலை நேரத்துக்கு வாய் திறக்காமல் கடைக்காரனைத் திட்டுவது சுலபம்.

சோழிங்கநல்லூர்வாசி:
வாய் திறந்து வேலை போனால், அடுத்த மாதத் தவணையை நீங்கள் கட்டுவீர்களா அண்ணே?