சொசைட்டி டெபாசிட் வட்டிக்கு வரி போடுவது சரியா?

மஞ்சக்காடு (கோபி):
எங்கள் ஊர் வேளாண்மைக் கூட்டுறவு கடன் சங்கத்துக்கு வரி நோட்டீஸ் வந்திருக்கிறது. மத்திய கூட்டுறவு வங்கியில் போட்டு வைத்த பணத்தின் வட்டி, கடன் கொடுத்துச் சம்பாதித்தது இல்லையாம். 1961ஆம் வருட வருமான வரிச் சட்டத்தின் 80பி (80P) பிரிவில் கூட்டுறவுச் சங்கங்களுக்குத் தருகிற வரிக் கழிவு அதற்குக் கிடையாதாம். ஏரில் பூட்டினால்தான் மாடு, கட்டுத்தரையில் நின்றால் மாடு இல்லையா?

தணிக்கைக்காரன் (திருப்பூர்):
உறுப்பினருக்குக் கடன் கொடுக்கும் தொழிலால் வந்த லாபத்துக்குத்தான் அந்தக் கழிவுங்க. 2010இல் டோட்கர்ஸ் சங்க வழக்கில் உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது: தொழிலுக்கு உடனே தேவைப்படாத உபரியைப் போட்டு வட்டி வாங்கினால், அது 56ஆம் பிரிவில் 'பிற வருமானம்'. கட்டுத்தரை மாட்டை வாடகைக்கு விட்டு வாங்கின காசை வெள்ளாமைக் கணக்கில் எழுதுவீர்களா?

பவானிக்கரை (ஈரோடு):
அண்ணா, டோட்கர்ஸ் கதையைப் பாதியில் நிறுத்திவிட்டீர்கள். அந்தச் சங்கம் உறுப்பினர்களின் விளைபொருளை விற்று, அவர்களுக்குக் கொடுக்க வேண்டிய பணத்தைக் கையில் வைத்துக்கொண்டு டெபாசிட் போட்டது. அது சங்கத்தின் சொந்தப் பணமே இல்லை, கடன்பாடு. இந்த வழக்கின் சங்கதிகளுக்கு மட்டும்தான் தீர்ப்பு என்று நீதிபதிகளே எழுதியிருக்கிறார்கள்.

இதற்கு முன்பே ஒரு பெரிய சண்டை நடந்தது. 1996இல் மத்தியப் பிரதேச கூட்டுறவு வங்கி வழக்கில், சேமநிதியை (சட்டப்படி ஒதுக்கி வைக்கும் ரிசர்வ் பணம்) முதலீடு செய்து வந்த வட்டி வங்கித் தொழில் வருமானம் இல்லை, அந்தப் பணம் தொழிலில் புழங்கும் மூலதனம் இல்லை என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. 2001இல் கர்நாடக மாநிலக் கூட்டுறவு அபெக்ஸ் வங்கி வழக்கில் அதே நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அந்தத் தீர்ப்பைத் தூக்கிப் போட்டார்கள். வங்கி நடத்த வேண்டுமானால் சட்டப்படி அந்தப் பணத்தை ஒதுக்கித்தானே ஆக வேண்டும்? அப்படியானால் அதன் வட்டியும் தொழில் வருமானம்தான்.

தணிக்கைக்காரன் (திருப்பூர்):
சேமநிதிக்குச் சரி, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் கட்டாயமில்லாமல் உபரியைக் கொண்டுபோய்ப் போட்டால்? அதுபோக, நகை அடகு வைக்கிற அன்றைக்கே இணை உறுப்பினர் ஆக்கிவிடுகிறீர்கள். 2017இல் ஐதராபாத் சிட்டிசன் சொசைட்டிக்கு இப்படிப் பெயருக்குச் சேர்த்த ஆட்களால்தான் கழிவு போனது.

பவானிக்கரை (ஈரோடு):
நம் 1983ஆம் வருடத் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கச் சட்டத்தில் உறுப்பினர் என்றால் இணை உறுப்பினரும் சேர்த்திதான். 2021 ஜனவரியில் கேரளத்து மாவிலாயி சங்க வழக்கில் உச்ச நீதிமன்றத் தீர்ப்பும் வந்துவிட்டது: உறுப்பினர் அல்லாதவருக்குக் கொடுத்த கடனின் லாபத்துக்கு மட்டும் கழிவு போகும், மொத்தமும் போகாது. கூட்டுறவு வங்கிக்குக் கழிவு இல்லை என்கிற 80பி(4) தடையும் ரிசர்வ் வங்கி உரிமம் வைத்திருக்கிற கூட்டுறவு வங்கிகளுக்குத்தான், நம் சொசைட்டிக்கு இல்லை.

மஞ்சக்காடு (கோபி):
இன்னொரு கூட்டுறவுச் சங்கத்தில் போட்ட பணத்தின் வட்டிக்கு முழுக் கழிவு என்று 80பி(2)(டி) இருக்கிறதே? மத்திய வங்கியும் கூட்டுறவுச் சங்கமாகத்தானே பதிவாகியிருக்கிறது?

தணிக்கைக்காரன் (திருப்பூர்):
அந்த ஒரு இடத்தில் உங்கள் கை ஓங்கித்தான் இருக்கிறது. ஆனால் உயர் நீதிமன்றங்களே ஆளுக்கொரு மாதிரி சொல்லியிருக்கின்றன. நோட்டீஸுக்குக் கொடுக்கும் பதிலில் 80பி(2)(டி)யை முதலில் எழுதச் சொல்லுங்கள், 2001 தீர்ப்பு அப்புறம். சேமநிதி எவ்வளவு, உபரி எவ்வளவு என்று பிரித்து வைத்திருக்கிறார்களா?

மஞ்சக்காடு (கோபி):
செயலாளரைக் கேட்டேன். எல்லாம் ஒரே கணக்கில்தான் கிடக்கிறதாம்.

பவானிக்கரை (ஈரோடு):
அட, போச்சு போங்க.