ஹெரால்ட் இரண்டாம் சுற்றில் படுத்துவிடுகிறது

ஆறு பேர் இம்ப்ரோவ் குழு (எழுதிய வசனம் இல்லாமல் மேடையிலேயே உருவாக்கும் நாடகம்). 8 மாதமாக 25 நிமிட ஹெரால்ட் ஆடுகிறோம்; பல காட்சிகள் சுற்றுச் சுற்றாகத் திரும்பி வரும் இம்ப்ரோவ் வடிவம் அது. அமெரிக்க இம்ப்ரோவ் ஆசிரியர் டெல் குளோஸ் வழி வந்த வழக்கமான அமைப்புதான்: பார்வையாளர் தரும் ஒரு சொல், அதிலிருந்து குழுவாக யோசனைகளைக் கிளப்பும் ஓப்பனிங், மூன்று காட்சிகள், குழு விளையாட்டு, பிறகு அதே மூன்றின் இரண்டாம் சுற்று, இன்னொரு குழு விளையாட்டு, கடைசியில் மூன்றாம் சுற்று.

முதல் சுற்றில் சிரிப்பு வருகிறது, இரண்டாவதில் அரங்கமே அமைதி. காட்சியின் 'விளையாட்டை', அதாவது சிரிப்பைத் தந்த வினோதத்தை, விட்டுவிட்டுக் கதையைப் பிடித்துக்கொள்கிறோம். உதாரணம்: ஒவ்வொரு கருவியிடமும் அனுமதி கேட்டுவிட்டுத் தொடுகிற பல் மருத்துவர். இரண்டாம் சுற்றில் அவரை வீட்டுச் சமையலறையில் விட்டு, கரண்டியிடம் கெஞ்ச வைத்திருக்க வேண்டும். நாங்களோ மறுநாள் அதே கிளினிக்கில் ஆரம்பித்து, பிடுங்கின பல்லுக்கு என்ன ஆச்சு என்று பேசிக்கொண்டிருந்தோம்.

ஓப்பனிங்கை 5 நிமிடத்திலிருந்து 3 ஆக்கிப் பார்த்தோம். முதல் பெரிய சிரிப்பிலேயே ஸ்வீப் எடிட் செய்தோம் (ஒருவர் மேடையின் குறுக்கே ஓடிக் காட்சியை முடிப்பது). வேகம் கூடியது, அவ்வளவுதான். ஒத்திகையில் காட்சி முடிந்ததும், ஓரத்தில் நிற்பவர் 'இதில் வினோதம் என்ன' என்று ஒரே வாக்கியத்தில் சொல்ல வேண்டும் என்று வைத்தோம். அங்கே ஐந்து பேர் சரியாகச் சொல்கிறார்கள். மேடையில் எல்லாம் காற்றில் போய்விடுகிறது. (மற்றவர் சொன்னதை ஏற்று அதோடு சேர்க்கப் பழக்கும் 'ஆமாம், மேலும்' பயிற்சி வேண்டாம், ஒத்துக்கொள்வதில் குறையில்லை.)

ஒரு அரங்கின் நிரந்தரக் குழுத் தேர்வுக்கு இன்னும் 6 வாரம்.

ஓரத்தில் நிற்கும்போதே வினோதத்தைப் பிடித்து அதற்குப் புது இடம் யோசிக்கப் பழக்கும் பயிற்சி எது?