தாதா கோண்ட்கே: மில் ஏரியா கலைஞனா, வெறும் டபுள் மீனிங் வியாபாரியா?

பரேல் சங்கர்:
மராத்தி சினிமா பத்தி நேத்து ஓடின பேச்சுல ஒருத்தர் "தாதா கோண்ட்கேவா, டபுள் மீனிங் ஆளு, விடுங்க"ன்னு ஒரே வரில முடிச்சுட்டார், மனசு ஆறல, அதான் தனியா எழுதுறேன். 1932ல பம்பாய் நாய்காவ்ல பஞ்சு மில் தொழிலாளி குடும்பத்துல பொறந்த மராத்தி நடிகர் அவர். அப்னா பஜார்ங்கற கூட்டுறவுக் கடைல சொற்ப சம்பளத்துக்கு வேலை பார்த்துக்கிட்டே பேண்டு வாசிச்சு, சேவா தளம்ங்கற சமூக அமைப்போட கலைக்குழுல ஆடிப் பாடி மேல வந்தவர். வசந்த் சப்னிஸ் எழுதின 'விச்சா மாஜி புரி கரா' நாடகத்துல ஹவல்தார், அதாவது போலீஸ்காரர் வேஷம் கட்டி ஆயிரம் தடவைக்கு மேல மேடை ஏறினார். அந்த நாடகத்த பார்த்துட்டு ஆஷா போஸ்லே சொல்லித்தான் டைரக்டர் பால்ஜி பெந்தார்கர் 1969ல சினிமா சான்ஸ் குடுத்தார். 1971ல சொந்தமா 'சோங்காட்யா' எடுத்தார், அதுக்கப்புறம் வரிசையா 9 படம் வெள்ளி விழா, கின்னஸ்லயே ஏறிடுச்சு. வெறும் கெட்ட பேச்சுக்கு இத்தன வருஷம் கூட்டம் வருமா?

மலர்விழி தாணே:
வரும் சார், ஏன் வராது? கூட்டம் வந்துச்சுங்கறதால ஒண்ணு நல்லதாயிடாது. அவர் போடுற டிரெஸ்ஸயே எடுத்துக்கோங்க, முட்டி வரைக்கும் தொளதொளன்னு அரை டிரவுசர், முன்னாடி நாடா தொங்கிக்கிட்டு இருக்கும், அந்த நாடாவே பாதி ஜோக்கு. மீதி பாதிக்கு ஹீரோயின் உடம்பு. அவர் வெகுளி மாதிரி ஏதோ கேப்பார், தியேட்டர் முழுக்க சிரிக்கும், அந்தம்மா முகத்த சுளிச்சுட்டு நிக்கணும். இத குடும்பத்தோட உக்காந்து பார்த்த பொண்ணுங்களுக்கு எப்படி இருந்திருக்கும்னு யாராவது எழுதிருக்காங்களா?

பரேல் சங்கர்:
மேடம், அது அவர் கண்டுபிடிச்சது இல்ல, தமாஷாங்கற மராத்தி கிராமத்து ஆட்டம் பாட்டு நாடகத்துல தலமுறை தலமுறையா இருக்கறது. மொதல்ல கணபதி வணக்கம், அப்புறம் கவ்ளண்னு ஒரு பகுதி, பால் விக்கப் போற கோபிகைங்கள கிருஷ்ணன் வழிமறிப்பான், கூட 'மாவ்ஷி'ன்னு ஒரு ஆம்பள பொம்பள வேஷம் கட்டிக்கிட்டு வந்து அவன்கிட்ட வாய்ச்சண்டை போடுவான், அங்கயே இரட்டை அர்த்தம் ஆரம்பிச்சுடும், அதுக்கப்புறம்தான் கதையே. அதுல வர்ற கோமாளி பேருதான் சோங்காட்யா, படத்துக்கு அந்தப் பேரு வச்சதும் அதனாலதான். விச்சா நாடகத்துலயும் அன்னன்னிக்கு நடக்கற அரசியல எடுத்து மேடையிலயே வசனத்த மாத்துவார், மந்திரி பேரு ஹவல்தார் வாயில வந்து விழும். ஷிப்ட் முடிச்சு வர்ற ஆளுங்களுக்கு அதிகாரத்துல இருக்கறவன ஒருத்தன் இப்படி கிண்டல் பண்றத பார்க்க வேற எங்க வழி இருந்துச்சு, சொல்லுங்க. சுதந்திரம் வந்த கொஞ்ச நாள்ல பம்பாய் அரசாங்கம் ஆபாசம்னு சொல்லி தமாஷாவையே தடை பண்ணுச்சு, அப்புறம் சென்சார் வச்சு விட்டாங்க. அதே பழிதான் இவர் மேலயும்.

தாராவி செல்வம்:
அண்ணே, அதிகாரத்த கிண்டல் பண்ணார்னு சொல்றீங்க, சரி. 'சோங்காட்யா'வ தாதர் கோஹினூர் தியேட்டர்ல போட மாட்டேன்னப்போ யார் போயி போட வச்சாங்க? சிவசேனா தலைவர் பால் தாக்கரே ஆளுங்க. 'பஜாவ் புங்கி, ஹடாவ் லுங்கி'ன்னு, அதாவது லுங்கி கட்டின தென்னிந்தியக்காரன விரட்டுன்னு கத்தி நம்ம ஜனங்க ஓட்டல அடிச்சு நொறுக்கி கொஞ்ச வருஷம்கூட ஆகல அப்போ. பின்னாடி அதே சேனாவுக்கு மேடை ஏறி பிரச்சாரம் பண்ணவர் இவர். எங்க வீட்டுப் பெரியவங்க இந்தாளு பேர கேட்டாலே எழுந்து போயிடுவாங்க, பாட்டு நல்லாருந்தா மட்டும் அத எப்படி மறக்கறது?

பரேல் சங்கர்:
செல்வம் தம்பி, அந்தக் கோவம் நியாயம், அவர் சேனா பக்கம் நின்னத நான் நியாயப்படுத்தவே மாட்டேன். ஆனா கோஹினூர் விஷயத்துல இன்னொண்ணும் இருக்கு. பம்பாய்லயே மராத்தி படத்துக்கு தியேட்டர் கிடைக்கல, ஹிந்திப் படத்துக்கு ஒதுங்கி வழி விடணும்ங்கற நிலம. மில் தொழிலாளி சொந்த ஊர்லயே சொந்த பாஷை படம் பார்க்க சண்டை போட வேண்டியிருந்துச்சுல்ல? அந்த சண்டைய சேனா கையில எடுத்துக்கிச்சு, வேற எந்தக் கட்சியும் எடுக்கல, நம்ம எல்லாருக்கும் அதான் நஷ்டம்.

இசைப்பித்தன்:
யாருமே பாட்டப் பத்தி பேசலயே. மகேந்திர கபூர், உஷா மங்கேஷ்கர் குரல்ல வந்த அந்தப் பாட்டுங்கள்ல டோலக்கி அடிய கேட்டுப் பாருங்க. 'பாண்டு ஹவல்தார்'ல, 1975, ரெண்டு புது மியூசிக் பசங்கள சேர்த்து ராம் லக்ஷ்மண்னு பேரு வச்சவரே இவர்தான். அதுல ராம் சீக்கிரமே செத்துட்டார், மத்தவர் அதே பேருல தொடர்ந்தார், 1989ல 'மைனே பியார் கியா'வுக்கு தேசமே ஆடினது அவர் இசைக்குத்தான். நடிகர் அசோக் சராஃப் பெரிய ஆளானதும் அதே பாண்டு படத்துலதான். என் வருத்தம் பின்னாடி எடுத்த ஹிந்திப் படங்க மேல. 1986ல வந்த 'அந்தேரி ராத் மே தியா தேரே ஹாத் மே'ல கிராமமும் இல்ல தமாஷாவும் இல்ல, வெறும் பச்சை மட்டும்தான் மிச்சம்.

மலர்விழி தாணே:
இசைப்பித்தன் சொன்னதுதான் என் கேஸே! வேர அறுத்தா பச்சை மட்டும் மிஞ்சுதுன்னா, அதுதான் அவர் சரக்கு. சங்கர் சார் பாரம்பரியம்ங்கறார், யாரோட பாரம்பரியம்? தமாஷாவ காப்பாத்தினது தலித் கலைஞர்களும், சலங்கை கட்டின கோல்ஹாட்டி சாதிப் பொண்ணுங்களும்தான். ஊரே கைதட்டும், ஆனா அவங்கள மதிச்சு யாரும் வீட்டுக்குள்ள கூப்பிட மாட்டாங்க. அந்த கலைய சினிமாவுக்கு கொண்டுபோனா கின்னஸ் ஹீரோ பேருல, அவமானம் மட்டும் பொண்ணுங்க பேருல.

பரேல் சங்கர்:
'சோங்காட்யா' கதையே அதுதான மேடம்? அம்மா பேச்ச தட்டாத பையன் தமாஷா பார்க்கப் போயி ஆட்டக்காரி மேல மனசு வைக்கறான், அம்மா வீட்ட விட்டே துரத்தறாங்க. அந்தப் பொண்ண கேவலமா பார்க்கற ஊர் பக்கம் அவர் நிக்கல. அதோட 1982 பம்பாய் மில் ஸ்ட்ரைக்குல ரெண்டரை லட்சம் பேர் வேலை நின்னு, மில்லு ஒண்ணொண்ணா மூடி, அவர் ரசிகர் கூட்டமே செதறிப் போச்சு. ஹிந்திப் பக்கம் வேற ஆடியன்ஸ தேடிப் போனத அதோட சேர்த்துப் பார்க்கணும்.

தாராவி செல்வம்:
மில்லு மூடினதுக்கும் 1986 டைட்டிலுக்கும் முடிச்சு போடறது ரொம்ப ஓவர் அண்ணே.

மலர்விழி தாணே:
சரி, ஒண்ணு பண்ணுங்க. 'சோங்காட்யா'வையும் அந்த 1986 படத்தையும் அடுத்தடுத்து போட்டுப் பாருங்க. ஹீரோயின் தானா ஆரம்பிச்சு பேசற வசனம் ஒவ்வொண்ணுலயும் எத்தனன்னு எண்ணி இங்க போடுங்க, அதுக்கப்புறம் பாரம்பரியம் பத்தி பேசலாம்.