டபராவை ஓரம் தள்ளிய மாப்பிள்ளை

குழு: செம்பூர் வீடு, மும்பை (17 பேர்)
மே, சனிக்கிழமை

அம்மா, 4:06
யாராவது இருக்கிறீர்களா? மாப்பிள்ளைக்குக் காபி குடிக்கும்போது உதடு வெந்துவிட்டது. கீழுதடு சிவந்து கிடக்கிறது. என்ன தடவுவது?

அம்மா, 4:06
பாவம், மாம்பழப் பெட்டி கொடுத்துவிட்டுப் போக வந்தவர்.

பெரியம்மா, 4:07
ஐயோ. உடனே நெய் தடவு. உருக்காத நெய்.

சித்தப்பா, 4:07
அண்ணி, டூத்பேஸ்ட். வெள்ளை பேஸ்ட்தான், ஜெல் வேண்டாம். எனக்குப் பலமுறை கேட்டிருக்கிறது.

மாமா, 4:08
ஃப்ரிட்ஜில் ஐஸ் இருக்குமே அக்கா. ஒரு கட்டியை எடுத்து உதட்டில் அழுத்திப் பிடிக்கச் சொல்.

அத்தை, 4:08
எங்கள் பள்ளியில் இங்க் ஊற்றுவார்கள்.

சித்தப்பா, 4:08
இங்க் பாட்டில் இப்போது யார் வீட்டில் இருக்கிறது?

நர்ஸ் அக்கா, 4:09
எல்லோரும் கொஞ்சம் நிறுத்துங்கள். சித்தி, எதையும் தடவாதீர்கள். தண்ணீர். வெறும் குளிர்ந்த தண்ணீர், 20 நிமிஷம். கடிகாரத்தைப் பார்த்து 20 நிமிஷம்.

அம்மா, 4:10
நெய் ஏற்கனவே கையில் எடுத்துவிட்டேன்.

நர்ஸ் அக்கா, 4:10
அதைத் தோசைக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

நான், 4:11
அம்மா!! இப்போதுதான் பார்க்கிறேன். அவர் போனை எடுக்கவே மாட்டேன் என்கிறார். எப்படி இருக்கிறார்? எப்போது ஆயிற்று?

அம்மா, 4:12
ஆகி கால் மணி நேரம் இருக்கும். அவர் சொல்லவே இல்லையடி. டம்ளரைக் கீழே வைத்துவிட்டுக் கைக்குட்டையால் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். கேட்டால் மராத்தியில் "காஹீ நாஹீ ஆயி" (ஒன்றுமில்லை அம்மா) என்கிறார். கண்ணில் தண்ணீர் நிற்கிறது.

நான், 4:12
அவருக்கு எதுவுமே காஹீ நாஹீதான். பைக்கிலிருந்து விழுந்தபோதும் அதையேதான் சொன்னார்.

நர்ஸ் அக்கா, 4:13
கால் மணி நேரம் ஆனாலும் பரவாயில்லை. 3 மணி நேரத்துக்குள் குளிர வைத்தாலும் பலன் உண்டு. ஆரம்பியுங்கள்.

அம்மா, 4:14
குழாயைத் திறந்தால் வெந்நீராக வருகிறது! மொட்டைமாடித் தொட்டி காலையிலிருந்து வெயிலில் காய்ந்து கிடக்கிறது. ஐந்து நிமிஷம் விட்டுப் பார்த்தும் அதே சூடு.

நர்ஸ் அக்கா, 4:14
குழாயை மூடுங்கள். பானைத் தண்ணீர் இருக்கிறதா?

அம்மா, 4:15
இருக்கிறது. சமையலறையில் மண்பானை.

நர்ஸ் அக்கா, 4:16
அதுதான் சரியான குளிர்ச்சி. ஒரு கிண்ணத்தில் எடுத்து, சுத்தமான மெல்லிய துணியை நனைத்து உதட்டில் வையுங்கள். புது டவல் வேண்டாம், நூல் ஒட்டும். பழைய வேட்டிக் கிழிசல் இருந்தால் நல்லது. துணி ஒரு நிமிஷத்தில் சூடாகிவிடும், உடனே மாற்றுங்கள். இரண்டு துணி வைத்துக்கொண்டால் வேலை சுலபம். தேய்க்கக் கூடாது, ஒற்றுவதுதான். நடுநடுவே அந்தத் தண்ணீரையே ஒரு வாய் வைத்திருந்து துப்பச் சொல்லுங்கள், உதட்டின் உள்பக்கமும் குளிர வேண்டும்.

மாமா, 4:17
ஐஸ் இன்னும் வேகமாகக் குளிர வைக்குமே?

நர்ஸ் அக்கா, 4:18
அதனால்தான் வேண்டாம் மாமா. வெந்த தோலில் ஐஸ் வைத்தால் ரத்த ஓட்டம் சுருங்கிக் காயம் இன்னும் ஆழமாகும். உதட்டுத் தோல் மெல்லிசு, ஐஸ் ஒட்டிக்கொண்டால் இழுக்கும்போது தோலோடு வரும். நெய் உள்ளே இருக்கும் சூட்டை வெளியே விடாது. பேஸ்டில் புதினாச் சத்து இருக்கிறது, புண்ணில் எரியும். சித்தப்பாவுக்குக் "கேட்டது" என்பது எரிச்சலுக்கு மேல் எரிச்சல் வந்து முதல் எரிச்சல் மறந்துபோனதுதான்.

சித்தப்பா, 4:18
சரிம்மா சரி.

நர்ஸ் அக்கா, 4:19
இங்க், மஞ்சள்தூள், காபித்தூள் போட்டால் தோலின் நிறமே தெரியாது. டாக்டர் எதைப் பார்த்து முடிவு செய்வார்? எங்கள் வார்டுக்கு இட்லி மாவோடு வந்தவர்களும் உண்டு. அதைக் கழுவி எடுப்பதற்குள் நோயாளி படும் பாட்டைப் பார்க்க முடியாது.

நர்ஸ் அக்கா, 4:20
சித்தி, சில கேள்விகள். குரல் கரகரப்பாக இருக்கிறதா? எச்சில் விழுங்க முடிகிறதா? மூச்சு விடச் சிரமம்? உதட்டில் எங்காவது வெள்ளையாகவோ உணர்ச்சியே இல்லாமலோ இருக்கிறதா?

அம்மா, 4:22
நன்றாகப் பேசுகிறார், விழுங்குகிறார். மூச்செல்லாம் சரியாக இருக்கிறது. சிவப்புதான், வெள்ளை இல்லை. தொட்டால் வலிக்கிறதாம்.

நர்ஸ் அக்கா, 4:22
வலிப்பது நல்ல அறிகுறி. வலியே தெரியாத வெள்ளைத் திட்டுதான் பயம், அது ஆழமாக வெந்ததற்கு அடையாளம். ஜன்னல் பக்கம் உட்கார வைத்து ஒரு படம் அனுப்புங்கள்.

அம்மா, 4:24
(படம்)

நான், 4:24
அம்மா, இது உன் கட்டைவிரல்.

அம்மா, 4:25
(படம்)

நர்ஸ் அக்கா, 4:26
கீழுதட்டின் நடுவில் ஒரு விரல் அகலம். மேலோட்டமாகத்தான் தெரிகிறது. துணியை நிறுத்தாதீர்கள்.

மாமா, 4:28
எப்படி இவ்வளவு சுட்டது? எந்த டம்ளர்?

அம்மா, 4:29
பாட்டி கொடுத்த கும்பகோணம் செட். பால் பொங்கியதும் அப்படியே ஊற்றிக் கொடுத்தேன். டபராவோடுதான் கொடுத்தேன். அவர் டபராவை ஓரமாகத் தள்ளி வைத்துவிட்டு டம்ளரை மட்டும் எடுத்துக்கொண்டார்.

நான், 4:29
அதை சாசர் என்று நினைத்திருப்பார்.

நான், 4:30
போன தீபாவளிக்கு அப்பா தூக்கிக் குடித்ததைப் பார்த்து இவரும் தூக்கி, சட்டை முழுக்க ஊற்றிக்கொண்டது நினைவிருக்கிறதா? இந்த முறை ஜாக்கிரதையாக வாய் வைத்துக் குடித்திருக்கிறார்.

பாட்டி, 4:31
(குரல் பதிவு, 0:38)

நான், 4:32
கேட்க முடியாதவர்களுக்கு: "டபராவை அழகுக்கா வைத்திருக்கிறோம்? நாலு ஆற்று ஆற்றிக் கொடுக்காமல் பொங்கின பாலோடு நீட்டியிருக்கிறாயே, மாப்பிள்ளைமேல் என்ன தப்பு" என்கிறாள் பாட்டி. அப்புறம் அரை நிமிஷம் அம்மாவுக்குத் திட்டு.

மாமா, 4:34
பாட்டி சொல்வதுதான் கணக்கு. பீங்கான் கோப்பை தடிமன், சூடு விளிம்புக்கு வர நேரமாகும். ஸ்டீல் டம்ளர் தாள் மாதிரி. காபி என்ன சூடோ விளிம்பும் அதே சூடு. பொங்கின பால் ஊற்றிய காபி 80 டிகிரி பக்கம் இருக்கும். 60 டிகிரித் தண்ணீரே 5 விநாடி தோலில் நின்றால் ஆழமாகச் சுடும். நாம் விளிம்பில் வாய் வைக்காமல் வளர்ந்ததால் நமக்குத் தெரிவதில்லை.

மாமா, 4:35
இன்னொன்று. உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆராய்ச்சிப் பிரிவு 2016-ல், 65 டிகிரிக்கு மேல் சூடாகக் குடிக்கும் பானங்கள் புற்றுநோய் உண்டாக்க வாய்ப்புள்ளவை என்று வகைப்படுத்தியது. உணவுக்குழாய்க்குத்தான் ஆபத்து. ஆகவே சித்தப்பா கொதிக்கக் கொதிக்க டீ குடிப்பதை...

சித்தப்பா, 4:35
இன்றைக்கு எல்லோரும் என்னையே பிடித்துக்கொள்கிறீர்கள்.

அம்மா, 4:38
20 நிமிஷம் தாண்டிவிட்டது. எரிச்சல் பாதி குறைந்திருக்கிறதாம். ஆனால் சின்னதாக ஒரு கொப்புளம் எழும்புகிறது. ஊசியைச் சுட்டுக் குத்திவிடவா?

நர்ஸ் அக்கா, 4:38
கூடவே கூடாது!

நர்ஸ் அக்கா, 4:40
கொப்புளத்தின் மேல்தோல்தான் இப்போதைக்கு அவருக்குக் கட்டு. உதட்டுக்குத் தனியாகக் கட்டுப் போட முடியாது, வாய் அசைந்துகொண்டே இருக்கும். தானாக உடைந்தால் சாதாரணத் தண்ணீரில் மெதுவாகக் கழுவினால் போதும்.

நர்ஸ் அக்கா, 4:42
இப்போது வாசலின், மெல்லிசாக ஒரு பூச்சு. கையைக் கழுவிவிட்டு, சுத்தமான இயர்பட் முனையில் எடுத்துப் போடுங்கள், விரலை டப்பாவுக்குள் விட வேண்டாம். உதட்டில் வியர்வையும் இல்லை, எண்ணெய்ப் பசையும் இல்லை, சீக்கிரம் காய்ந்து வெடிக்கும். காய்ந்தால் நாக்கால் நக்கத் தோன்றும், நக்கினால் இன்னும் காயும். மணக்கிற, ஜில்லென்று இருக்கிற லிப் பாம் வேண்டாம்.

நான், 4:43
வலிக்கு?

நர்ஸ் அக்கா, 4:44
பாரசிட்டமால் 500 ஒன்று, சாப்பிட்ட பிறகு. தேவைப்பட்டால் 6 மணி நேரம் கழித்து இன்னொன்று. கல்லீரல் கோளாறு, வேறு மாத்திரை எதுவும் இல்லையே?

நான், 4:44
இல்லை.

அம்மா, 4:46
ராத்திரிக்கு இருந்து சாப்பிட்டுவிட்டுப் போகச் சொல்லியிருக்கிறேன். வத்தக்குழம்பு, உருளைக்கிழங்கு காரக்கறி, தக்காளி ரசம்.

நர்ஸ் அக்கா, 4:46
ஒன்றும் கிடையாது. தயிர்சாதம். தாளிக்காமல், மிளகாய் இல்லாமல், ஊறுகாய் இல்லாமல், உப்பும் குறைவாக.

அம்மா, 4:47
மாப்பிள்ளைக்கு வெறும் தயிர்சாதமா? ஊர் சிரிக்கும்.

நர்ஸ் அக்கா, 4:47
எரிந்தால் அவர்தான் அழுவார், ஊர் அழாது.

பெரியம்மா, 4:48
அவர் கொண்டு வந்த ஹாபூஸ் மாம்பழம் இருக்கிறதே. கூழாக்கி ஆம்ரஸ் செய்து கொடு, அவர்கள் வீட்டுப் பழக்கமும் ஆயிற்று.

நர்ஸ் அக்கா, 4:49
நல்ல யோசனை. நன்றாகப் பழுத்ததாகப் பார்த்து, தோலை சீவி, குளிர வைத்து ஸ்பூனால் கொடுங்கள். தோலோடு கடிக்க விடாதீர்கள், காம்புப் பால் பட்டால் நல்ல உதடே புண்ணாகும். எரிகிறது என்றால் விட்டுவிடலாம், மோர் போதும்.

அண்ணி (தாணே), 4:55
அக்கா, நடுவில் ஒரு கேள்வி. நம்ம குட்டி சார்ஜர் வயரை வாயில் வைத்துக் கடித்துக்கொண்டே இருக்கிறான். அதில் உதடு வெந்தாலும் இதே தண்ணீர்தானா?

நர்ஸ் அக்கா, 4:57
இல்லை இல்லை, அது வேறு கதை. முதலில் மெயின் ஸ்விட்சை அணைக்க வேண்டும், அதற்கு முன் குழந்தையைத் தொடக் கூடாது. பிறகு, பார்க்கச் சின்னப் புண்ணாக இருந்தாலும் நேரே ஆஸ்பத்திரி. வாயோரம் மின்சாரத்தால் வெந்தால் உள்ளே எவ்வளவு என்று வெளியே தெரியாது. ஒரு வாரம், பத்து நாள் கழித்துப் பொருக்கு உதிரும்போது உதட்டு ரத்தக்குழாய் திறந்துகொண்டு ரத்தம் பீச்சும். அதுவரை வீட்டில் எல்லோரும் ஆறிவிட்டது என்று நினைத்துக்கொண்டிருப்பார்கள்.

அண்ணி (தாணே), 4:58
ஐயோ. எல்லா வயரையும் இப்போதே எடுத்துப் பரணில் போடுகிறேன்.

நர்ஸ் அக்கா, 4:59
பாட்டியின் வெற்றிலைப் பெட்டியையும் உயரத்தில் வையுங்கள். சுண்ணாம்பும் சுடும். வாயில் போட்டுக்கொண்டால் துடைத்து எடுத்துவிட்டு நிறையத் தண்ணீரில் கழுவ வேண்டும், வாந்தி எடுக்க வைக்கக் கூடாது. பெரியவர்கள் மாதிரி இல்லை, குழந்தைக்கு முகத்தில் எது வெந்தாலும் டாக்டரிடம் காட்டிவிட வேண்டும்.

நான், 5:02
இவருக்கு எப்போது டாக்டரிடம் போக வேண்டும்?

நர்ஸ் அக்கா, 5:04
வீக்கம் வாய் திறக்க முடியாத அளவுக்குப் போனால், சீழ், காய்ச்சல், சிவப்பு கன்னம் வரை பரவினால், இரண்டு வாரத்தில் ஆறாவிட்டால். மூச்சுத் திணறினால் யோசிக்காமல் 108. உங்களுக்குப் பக்கம் சயான் ஆஸ்பத்திரி. பெரிய தீக்காயம் என்றால் ஐரோலியில் நேஷனல் பர்ன்ஸ் சென்டர் இருக்கிறது. இவருக்கு அதெல்லாம் தேவைப்படாது.

ஞாயிறு

நான், 7:40
காலையில் உதடு நேற்றைவிட வீங்கியிருக்கிறது. சிரிக்கவும் முடியவில்லை, முறைக்கவும் முடியவில்லை.

நர்ஸ் அக்கா, 7:52
முதல் ஒன்றிரண்டு நாள் அப்படித்தான். தலையணையை உயர்த்தி வைத்துப் படுக்கச் சொல். வெயிலில் பைக் வேண்டாம், புதுத்தோல் கறுத்துவிடும்.

செவ்வாய்

நான், 8:15
கொப்புளம் ராத்திரி தானாக உடைந்துவிட்டது. கழுவி வாசலின் போட்டேன்.

அத்தை, 8:30
படத்தைப் பார்த்தால் அக்கி மாதிரி இருக்கிறது. ஊரில் என்றால் குயவர் வீட்டில் காவியால் எழுதிவிடுவார்கள்.

நர்ஸ் அக்கா, 9:05
அத்தை, உதட்டில் வருகிற அக்கி முதலில் சுருசுருவென்று ஊறும், பிறகு சின்னச் சின்னதாகக் கொத்தாக எழும்பும், அதே இடத்தில் திரும்பத் திரும்ப வரும். இது டம்ளர் பட்ட இடத்தில், பட்ட அன்றைக்கே வந்த ஒற்றைக் கொப்புளம். காவியெல்லாம் வேண்டாம்.

அடுத்த ஞாயிறு

நான், 10:20
பொருக்கு உதிர்ந்து இளஞ்சிவப்பாகத் தோல் வந்துவிட்டது. நேற்று முதல்முறையாகக் காரமான மிசல் பாவ் கேட்டார். கொடுக்கவில்லை.

அம்மா, 10:24
அவருக்காகவே செம்பூர் மார்க்கெட்டில் பீங்கான் கப் வாங்கி வைத்திருக்கிறேன்.

நான், 10:25
அது வேண்டாமாம். டபராவில் ஆற்றக் கற்றுக்கொடுங்கள் என்கிறார். கிளம்பிவிட்டோம்.

அம்மா, 5:10
(வீடியோ, 0:14)

மாமா, 5:12
அடேயப்பா, ஒரு முழம் தூக்குகிறாரே!

நான், 5:12
கடைசி 3 விநாடியைப் பாருங்கள்.

அம்மா, 5:13
மேஜைமேல் இருந்த வெள்ளைக் குரோஷே துணி முழுக்கக் காபி. கறை போக என்ன போடுவது?

பெரியம்மா, 5:13
எலுமிச்சம்பழம் தேய்.

அத்தை, 5:14
சோடா உப்பு.

சித்தப்பா, 5:14
துணிக்காவது டூத்பேஸ்ட் போடலாமா?

நர்ஸ் அக்கா, 5:15
குளிர்ந்த தண்ணீர், சித்தப்பா.