புதுப்பிப்பு: கீச்சிட்ட யூமாட்டிக் டேப் ஓடிவிட்டது

பழைய செய்திக் காட்சிகள் உள்ள யூமாட்டிக் டேப் (அந்தக் கால வீடியோ கேசட் வகை), பிளேயரில் போட்டதும் கீச்சென்று கத்தி நின்றுவிடுகிறது, என்ன செய்யலாம் என்று போன வாரம் கேட்டிருந்தேன். சூடுபடுத்திப் பார்க்கச் சொன்னீர்கள். பார்த்தாயிற்று.

காந்தத் துகள்களைப் பிடித்திருக்கும் பசை ஈரம் குடித்துப் பிசுபிசுத்துப் போவதுதான் நோய். வெப்பம் சீராக நிற்கும் ஆய்வக அடுப்பில், 50 டிகிரி செல்சியஸை ஒட்டி, மணிக்கணக்கில் வைத்தோம். (வீட்டு ஓவனில் முயல வேண்டாம், அதன் டிகிரிக் கணக்கை நம்ப முடியாது.) குணம் தற்காலிகம்தான், ஈரம் திரும்பிவிடும். அதனால் ஆறியதும் டைம் பேஸ் கரெக்டர் (டேப் படத்தின் நடுக்கத்தைச் சீராக்கும் கருவி) வழியாகப் பதிவு செய்துவிட்டோம்.

படம் சுமார்தான். ஆனால் ஒலி! யூமாட்டிக்கில் இரண்டு ஒலித்தடங்கள் உண்டு. இதில் ஒன்றில் செய்தியாளர் குரல், மற்றதில் குரல் கலக்காத சந்தை இரைச்சல். எடிட்டருக்கு வேறென்ன வேண்டும்?

அப்புறம், மின் இணைப்பிலிருந்து ஒலியில் புகுந்த அந்த மின்சார முனகல். 50 ஹெர்ட்ஸையும் 100, 150 என்று வரும் அதன் மடங்குகளையும் மட்டும் குறுகலாக வெட்டினேன். மொத்தமாக நாய்ஸ் ரிடக்‌ஷன் போட்டால் சந்தையே தண்ணீருக்குள் நடக்கிற மாதிரி ஆகிவிடும். கைவைக்காத மூலப் பதிவு தனியாக இருக்கிறது.